விளக்குக்குப் பதிலாக இறங்கியவர்

"ஒண்ணுமில்ல" என்று சொல்லும்போதெல்லாம் பழனியின் இரண்டு கைகளும் கழுத்துக்குப் போய்விடும். தாடை எலும்புக்குக் கீழே இடது பக்கம் ஒன்று, வலது பக்கம் ஒன்று என்று சுண்டுவிரல் நீளத்துக்கு இரண்டு தழும்புகள் அவருக்கு உண்டு. சட்டைக் காலரைச் சரிசெய்வதுபோல விரல்கள் உள்ளே நுழைந்து, இரண்டு கோடுகளையும் ஒரே நேரத்தில் தடவிவிட்டு வெளியே வரும். தனுஷா விவரம் தெரிந்த நாளிலிருந்து இதைப் பார்த்துவந்தாள். குடித்துவிட்டு வந்தாரா என்று அவர் மனைவி கேட்டால் கை கழுத்துக்குப் போகும். சைக்கிளின் மணி எப்படி உடைந்தது என்று இவள் கேட்டாலும் போகும். "மச்சானுக்குக் கழுத்துல எறும்பு ஊருது" என்று அவள் அப்பா வேடியப்பன் கிண்டல் செய்வார்.

ஆறு வயதில் ஒருநாள், வெள்ளிமலைக்கு அரிசி மூட்டை சுமந்து போய்விட்டு அப்பாவும் பழனியும் திரும்பி வந்தார்கள். பழனியின் உதடு கருநீலமாக இருந்தது.

"மாமா, நாவப்பழம் தின்னியா? எனக்கு எங்க?"

பழனி சிரித்தார். கைகள் கழுத்துக்குப் போயின. "ஒண்ணுமில்ல கண்ணு. எல்லாம் தீந்துபோச்சு."

அவளுக்குக் கொடுக்காமல் முழுவதையும் தின்றுவிட்டார் என்று அன்றைக்கு அவள் அழுதாள்.

பழனி அவளுக்குச் சொந்தத் தாய்மாமன் இல்லை. வேடியப்பனும் அவரும் கிணற்று வேலையில் கூட்டாளிகள். ஒருவரையொருவர் மச்சான் என்று கூப்பிட்டுப் பழகியதில், வேடியப்பனின் மனைவி செவ்வந்தி பழனிக்குத் தங்கச்சி ஆனாள், தனுஷாவுக்குப் பழனி மாமா ஆனார், பழனியின் மனைவி விஜயலட்சுமி அத்தை ஆனாள். சங்கராபுரத்துக்கு மேற்கே, கல்வராயன் மலை கண்ணுக்கு நேராக நிற்கும் ஊரில் அடுத்தடுத்த தெருக்களில் இரண்டு வீடும் இருந்தன. ஒரு வீட்டில் மீன் குழம்பு வைத்தால் இன்னொரு வீட்டில் அன்றைக்கு அடுப்பு அணைந்துவிடும்.

பழனிக்குச் சின்ன வயதில் இழுப்பு, ஆஸ்துமா. பள்ளிக்கூடத்தில் இன்னொரு பழனி இருந்ததால் வாத்தியாரே "இழுப்பு பழனி" என்றுதான் பெயர் கூப்பிட்டாராம். மார்கழி பிறந்தால் அவர் படுக்க மாட்டார். தலையணையைச் சுவரில் நிறுத்தி அதில் சாய்ந்து உட்கார்ந்தபடியே தூங்குவார். கபடிக்கு ஆள் பிரிக்கும்போது கடைசியில் மிஞ்சுவது அவர்தான். "இவன நீயே வச்சுக்க" என்று இரண்டு பக்கமும் தள்ளிவிடுவார்கள்.

பத்தொன்பது வயதில் அவர் அப்பா அவரைச் சின்னசேலத்தில் ரயிலேற்றிச் சேலத்துக்குக் கூட்டிப்போனார். அங்கே ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் கழுத்தில் ஆபரேஷன் செய்து இழுப்பை நிரந்தரமாகப் போக்குகிறார்கள் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். முதலில் ஒரு பக்கம், மூன்று மாதம் கழித்து மறுபக்கம். கழுத்துக்குள்ளிருந்து எதை எடுத்தார்கள் என்று அப்பனும் கேட்கவில்லை, மகனும் கேட்கவில்லை. அந்த ஆஸ்பத்திரி இருந்த இடத்தில் இப்போது செல்போன் கடை இருக்கிறது.

திரும்பி வந்த பழனிக்கு மூச்சு வாங்கவே இல்லை.

ஊர் முதலில் நம்பவில்லை. மலையடிவாரத்திலிருந்து வெள்ளிமலைக்குப் போகும் பழைய நடைபாதையில் தோளில் மூட்டையோடு ஏறிக்காட்டினார். கூடப் போனவர்கள் பாதி வழியில் பாறையில் உட்கார்ந்து வாயைப் பிளந்துகொண்டிருக்க, இவர் பாட்டுப் பாடிக்கொண்டு மேலே போனாராம். உதடு மட்டும் நீலமாகியிருந்தது. நாவல்பழக் கிண்டல் அன்றைக்கே பிறந்துவிட்டது. தனுஷா புதிதாக ஒன்றும் கேட்டுவிடவில்லை. அந்த வருஷமே கபடிக்கு முதல் ஆளாக அவரை எடுத்தார்கள். இழுப்பு பழனி என்ற பெயர் ஒரே கோடையில் செத்துப்போனது.

அப்புறம்தான் கிணறு.

இந்தப் பக்கத்துத் திறந்த கிணறுகள் அறுபதடி, எழுபதடி ஆழம். பக்கச் சுவரில் துருத்தி நிற்கும் படிக்கற்களைப் பிடித்து இறங்கவேண்டும். கோடையில் நீர் வற்றியதும் சேறு வாருவார்கள். கீழே ஒருவர் சட்டியில் அள்ளி நிரப்ப, கிரேன் அதைத் தூக்கிக் கரையில் கொட்டும். நெடுநாள் கிடந்த கிணற்றில் இறங்குவதற்கு முன் காற்றைப் பார்ப்பது வழக்கம். அரிக்கேன் விளக்கைக் கயிற்றில் கட்டி இறக்குவார்கள். சுடர் நின்று எரிந்தால் இறங்கலாம். துடித்து அணைந்தால், வேப்பங்கொத்தைக் கயிற்றில் கட்டி மேலும் கீழும் இழுத்து, தண்ணீர் இறைத்து, காற்றைக் கலைத்து, மறுபடி விளக்கு. சில கிணறுகளில் இதற்கே அரைநாள் போய்விடும்.

எந்தக் கிணற்றில், யார் முதலில் சொன்னார்கள் என்று தெரியாது. "வெளக்கு எதுக்கு, பழனி இருக்கான்" என்பது பேச்சாகிவிட்டது. பழனி தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு கடைசிப் படிவரை இறங்குவார். இரண்டு மூச்சு இழுத்து விடுவார். கிணறு முழுக்க எதிரொலிக்க, "காத்து சோக்கா இருக்குது, வாங்கடா" என்று கத்துவார். அப்புறம் மற்றவர்கள் இறங்குவார்கள். மூச்சு வாங்காத மனுஷனுக்கே சரியாக இருந்தால் காற்று சரியாகத்தான் இருக்கும் என்று எப்படி நினைத்தார்கள் என்பதைத் தனுஷா பிற்பாடு பலமுறை யோசித்திருக்கிறாள். மூச்சுத்திணறல் தெரியாத ஆளைத் தேர்ந்தெடுத்து, திணறுகிறதா பார்த்துச் சொல் என்று கீழே அனுப்பியிருக்கிறார்கள். ஆனால் பெரும்பாலான கிணறுகளில் காற்று உண்மையிலேயே நன்றாகத்தான் இருந்தது. அதனால் இருபத்தைந்து வருஷம் பழனி சொன்னதெல்லாம் பலித்தது. எப்போதாவது தலைவலியோடு தள்ளாடி மேலே வருவார். வெயில் என்பார்கள்.

கொரோனா இரண்டாம் அலையின்போது தனுஷா கள்ளக்குறிச்சியில் பி.எஸ்சி. விலங்கியல் இரண்டாம் ஆண்டு. வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். கல்லூரி மூடியிருந்ததால் ஊரில் இருந்தாள். பள்ளிக்கூடத்தில் முகாம் போட்டு, நர்ஸ் ஒவ்வொருவர் விரலிலும் ஆக்சிஜன் பார்க்கும் கருவியை மாட்ட, தனுஷா பக்கத்தில் உட்கார்ந்து பெயரும் எண்ணும் எழுதினாள். தொண்ணூற்றேழு, தொண்ணூற்றெட்டு, தொண்ணூற்றாறு. பழனியின் விரலில் எழுபத்தொன்பது.

"எழுவத்தொம்போதா?" பழனிக்கு ஒரே சிரிப்பு. "இஸ்கூல்ல கூட நான் இவ்ளோ வாங்கினதில்ல. பாசு போட்டுக்க கண்ணு."

நர்ஸ் கருவியை உதறிப் பார்த்தார். தனுஷாவின் விரலில் மாட்டினார், தொண்ணூற்றெட்டு. மறுபடி பழனிக்கு, எழுபத்தெட்டு. "மூச்சு முட்டுதாங்க?" என்று நர்ஸ் கேட்டார். "எனக்கா? நல்லா கேட்டீங்க போ" என்றார் பழனி. நூற்றியெட்டு வண்டி வந்து கள்ளக்குறிச்சி அரசு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனது. விஜயலட்சுமி அத்தையும் கூடப் போனாள். பன்னிரண்டு நாள் கழித்துத் திரும்பினார்கள்.

"டாக்டர் இன்னா சொன்னாரு மாமா?"

கைகள் கழுத்துக்குப் போயின. "ஒண்ணுமில்ல கண்ணு. மெஷின் கோளாறு."

தனுஷா அதை நம்பினாள்.

இரண்டு வருஷம் போனது. 2023 வைகாசி. சடையன் என்பவரின் நிலத்தில் ஏழு வருஷமாக முள் மூடிக் கிடந்த கிணறு. போர்வெல் வற்றியதும் அவருக்குப் பழைய கிணறு ஞாபகம் வந்துவிட்டது. அன்றைக்குக் காலையில் வேடியப்பனுக்குச் சளி, இருமல். செவ்வந்தி மிளகுக் கஷாயம் வைத்துக் கொடுத்தாள். இன்றைக்குப் போகவா வேண்டாமா என்று அவர் வாசலில் நின்றபோது, "பழனி அண்ணன் தனியா எறங்குவாரு, போ" என்று அனுப்பிவைத்ததும் அவள்தான்.

கிணற்றடியில் நடந்தது மேலே கிரேன் ஓட்டிய அஜித்குமார் சொல்லித்தான் தெரியும். அவன் ஒன்றும் மறைக்கவில்லை. மறைக்க ஏதாவது இருக்கிறது என்பதே அவனுக்குத் தெரியாது.

பழனி வழக்கம்போல் முதலில் இறங்கினார். கடைசிப் படியில் நின்று குரல் கொடுத்தார். வேடியப்பன் கரையில் தயங்கினார்.

"வெளக்கு ஒண்ணு எறக்கிப் பாக்கலாமா மச்சான்? ரொம்ப நாளு கெடந்த கெணறு."

"இன்னா மச்சான், எம்மேல நம்பிக்க இல்லியா?"

"அதுக்கில்லடா."

"அப்பறம் இன்னாத்துக்கு நிக்கற? கரையிலியே பொண்டாட்டி கஷாயம் குடுப்பான்னு பாக்கறியா?"

மேலே இருந்தவர்கள் சிரித்தார்கள். வேடியப்பனும் சிரித்துக்கொண்டே இறங்கினார். அடியில் அவர் சேறு அள்ள, பத்தடி மேலே படியில் இடுப்புக் கயிற்றோடு நின்று பழனி சட்டியைத் தள்ளிவிட்டார். ஏழெட்டுச் சட்டி ஏறியிருக்கும். "மூச்சு முட்டுது மச்சான்" என்ற குரல் கேட்டதாம். "எனக்கு ஒண்ணும் இல்லியே. பீடிய உடுடான்னா கேக்கறியா? ஒனக்கு வயசாயிடுச்சு. இன்னும் ரெண்டு சட்டிதான்." இது பழனி.

இரண்டு சட்டியும் ஏறின. மூன்றாவதற்குச் சத்தமில்லை. வேடியப்பன் சேற்றில் உட்கார்ந்திருந்தார். தூக்கிவிட இறங்கிய பழனியும் நினைவில்லாமல் தொங்க, அஜித்குமார் கயிற்றோடு அவரை மேலே இழுத்துப் போட்டான். வேடியப்பன் இடுப்பில் கயிறு இல்லை. தீயணைப்புக்காரர்கள் வந்து எடுத்தபோது உயிர் இல்லை.

ஆம்புலன்ஸில் ஆக்சிஜன் வைத்ததும் பழனி கண் விழித்துவிட்டார். போலீஸ் கேட்டபோது அவர் சொன்னது ஊருக்கே மனப்பாடம். "நான் எறங்கிப் பாத்தேன் சார். காத்து நல்லாத்தான் இருந்திச்சு. அவனுக்குத்தான் நெஞ்செல்லாம் சளி."

இதைச் சொல்லும்போது அவர் கைகள் எங்கே இருந்தன என்று தனுஷா கவனிக்கவில்லை. அப்பாவின் கால்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். விரலிடுக்குகளில் சேறு காய்ந்திருந்தது.

நெஞ்சில் சளி என்ற சொல் செவ்வந்திக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. இருமிக்கொண்டிருந்த மனுஷனை அனுப்பியது யார்? அவள்தான். கஷாயம் வைத்த சட்டியை அவள் கொண்டுபோய் ஏரியில் எறிந்தாள். அதற்குப் பிறகு யாராவது பக்கத்தில் இருமினால் எழுந்து போய்விடுவாள். பேருந்தில் என்றாலும் இடம் மாறி நின்றுகொண்டே வருவாள். "நான்தான் அனுப்புனேன்" என்று ஒருநாளைக்கு ஒரு முறையாவது சொல்வாள், அழுவதில்லை, கீரை ஆய்ந்துகொண்டோ துணி மடித்துக்கொண்டோ சொல்வாள்.

பழனி ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வருவார். வாசல்படியில் உட்காருவார். செவ்வந்தி டீ கொடுப்பாள். பாதி டீ குடித்ததும் தம்ளரைக் கீழே வைப்பார்.

"தங்கச்சி…"

"இன்னாண்ணா?"

கைகள் கழுத்துக்குப் போகும். "ஒண்ணுமில்ல."

கூட்டாளி போன துக்கத்தில் மனுஷனுக்குப் பேச்சு வரவில்லை என்று செவ்வந்தி நினைத்தாள். "நீ இன்னாண்ணா பண்ணுவ. எல்லாம் என் தப்பு" என்று அவரைத் தேற்றி அனுப்பினாள். இருபது மாதம் இப்படி நடந்தது. அவர் கிணற்றில் இறங்குவதை விட்டுவிட்டார். அதையும் துக்கத்தின் கணக்கில்தான் ஊர் சேர்த்துக்கொண்டது.

இந்த வருஷம் தை மாதம் ஒரு காலையில் விஜயலட்சுமி எழுப்பியபோது பழனி எழவில்லை. முகத்தில் ஒரு சுளிப்பு இல்லை. விரித்த பாய்கூடக் கசங்கவில்லை. "குடுத்துவச்ச சாவு" என்றார்கள். செவ்வந்தி உடன்பிறந்தவருக்கு அழுவதுபோல அழுதாள்.

பத்தாம் நாள் விஜயலட்சுமி ஒரு மஞ்சள் பையோடு வந்தாள். படிப்பை முடித்துவிட்டு அரசுத் தேர்வுக்குப் படித்துக்கொண்டே சங்கராபுரத்தில் ரபீக் பாயின் இ-சேவை மையத்தில் வேலை பார்க்கிறாள் தனுஷா. ஊரில் யாருக்கு என்ன விண்ணப்பம் என்றாலும் அவள்தான். வாரிசுச் சான்று வாங்கவேண்டும், வேண்டிய காகிதங்களை நீயே எடுத்துக்கொள் என்று அத்தை பையைக் கொடுத்துவிட்டுப் போனாள்.

ரேஷன் அட்டை, ஆதார், கரண்ட் பில். அடியில் கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியின் டிஸ்சார்ஜ் சீட்டு, எட்டாக மடித்தது. மடிப்பெல்லாம் கிழிந்து துணிபோல ஆகியிருந்தது. யாரோ பலமுறை பிரித்துப் பார்த்திருக்கிறார்கள். தேதி 2021 ஜூன். மேலே ஆங்கிலத்தில் இரண்டு வரி: இழுப்புக்காக 1995இல் இரு பக்கக் கரோட்டிட் பாடியும் அகற்றப்பட்டுள்ளது என்று. கீழே அந்த டாக்டர், நோயாளிக்குப் புரியவேண்டும் என்றே, தமிழில் எழுத்து எழுத்தாக எழுதிக் கோடு போட்டிருந்தார். "கிணறு, குழி, தொட்டி எதிலும் இறங்கக் கூடாது. மூச்சு வாங்கவில்லை என்பதை நம்பக் கூடாது. கூட வேலை செய்பவர்களிடம் சொல்லி வைக்கவும்."

தனுஷா தேதியை மறுபடி பார்த்தாள். அப்பா இறப்பதற்கு இரண்டு வருஷம் முன்பு.

கரோட்டிட் பாடி. அவளுக்கு அது தெரியும். மூன்றாம் பருவத் தேர்வில் இரண்டு மதிப்பெண் கேள்வி. கழுத்துத் தமனி இரண்டாகப் பிரியும் இடத்தில், இரு பக்கமும், அரிசி மணி அளவில் இருக்கும், ரத்தத்தில் ஆக்சிஜன் குறைந்தால் உணர்ந்து மூளைக்குச் சொல்லும், மூச்சு வேகமாகும். மனப்பாடம் செய்து எழுதி இரண்டுக்கு இரண்டு வாங்கியிருந்தாள். அந்தப் பதிலை எழுதிய கையால்தான் முகாமில் எழுபத்தொன்பது என்றும் எழுதினாள். தழும்பு இருந்த இடமும் பாடத்தில் படம் போட்டிருந்த இடமும் ஒன்றுதான். ஒருநாள்கூட அந்தப் படத்தை எடுத்து அந்தக் கழுத்தின்மேல் வைத்துப் பார்க்கத் தோன்றவில்லை. படிப்பு என்று எதைத்தான் படித்தோம்? இந்தக் கேள்வியை அவளால் யாரிடமும் கேட்க முடியாது. வீட்டில் அவளைவிடப் படித்தவர்கள் இல்லை.

சீட்டை எடுத்துக்கொண்டு நேராக அத்தை வீட்டுக்குப் போனாள். விஜயலட்சுமி அதைப் பார்த்ததும் அடுப்பைத் தணித்துவிட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"இது அந்தப் பையிலியா இருந்திச்சு? கிழிச்சுப் போட்டுட்டேன்னு சொன்னாரே."

"ஒங்களுக்குத் தெரியுமா அத்த?"

"நானும் கூடத்தான இருந்தேன். பொம்பள டாக்டரு, சின்னப் பொண்ணு, ஒன் வயசுக்குக் கொஞ்சம் ஜாஸ்தி இருக்கும். அரிசி மாதிரி ஒண்ணு இருக்குமாம் கழுத்துல. ரத்தத்துல காத்து கம்மியாச்சுன்னா அது மணியடிக்குமாம். இவருக்கு இழுப்ப நிறுத்தறேன்னு அந்த மணியக் கழட்டிப்புட்டானுங்களாம். இழுப்பு எங்கியும் போவல, இழுக்குதுன்னு தெரியறதுதான் போயிடுச்சுன்னிச்சு. வெளியூர்லல்லாம் அந்த ஆபரேசன அப்பவே உட்டுட்டாங்களாம். அதக் கேட்டுட்டு இவரு சின்னப் புள்ளையாட்டம் அழுதாரு."

"அப்பாகிட்ட ஏன் சொல்லல?"

விஜயலட்சுமி முந்தானை நுனியை முறுக்கினாள்.

"அத்த, ஏன் சொல்லல?"

"பஸ்ஸுல வரும்போது என் கையப் புடிச்சுக்கினாரு. வெளிய சொல்லிடாதடின்னாரு. வெளக்கு எதுக்கு, பழனி இருக்கான்னு சொல்ற ஊரு. சொன்னா நாளைக்கே மறுபடி இழுப்பு பழனிம்பானுங்க. கபடியில கடைசி ஆளா நின்னவன் நான், இன்னொரு தடவ நிக்க மாட்டேன்னாரு."

"அதுக்காக?"

"நல்ல கெணறா பாத்துத்தான் எறங்கறேன்னு சொன்னாருடி. ரெண்டு வருசம் ஒண்ணும் ஆவல."

"எங்கப்பா மூச்சு முட்டுதுன்னு சொன்னாரு அத்த. எனக்கு ஒண்ணும் இல்லியேன்னு இவரு சொன்னாரு. தனக்குத் தெரியாதுன்னு இவருக்குத் தெரியும்."

"தெரியும்" என்றாள் விஜயலட்சுமி. "ஒங்கம்மாகிட்ட சொல்லிடறேன்னுதான் ஒவ்வொரு ஞாயித்துக்கெழமையும் கெளம்புவாரு. வந்து, சொல்லிட்டியான்னு கேட்டா, தங்கச்சி என்னத் தேத்துதுடி, எப்பிடிச் சொல்லுவேம்பாரு."

தனுஷாவுக்குக் கோபம் எங்கே போய் நிற்பது என்று தெரியவில்லை. சேலத்து ஆஸ்பத்திரிமேல் நின்றது. அது செல்போன் கடையாகிவிட்டது. பழனிமேல் நின்றது, அவர் சாம்பலாகிவிட்டார். ஏமாற்றப்பட்டவர்தான் அவரும், பத்தொன்பது வயதில், தன் கழுத்திலேயே. அதைச் சொல்லி அவரை மன்னிக்க அவள் முயன்று பார்த்தாள். "ரெண்டு சட்டிதான்" என்ற குரல் குறுக்கே வந்து நின்றது. "காத்து சோக்கா இருக்குது" என்பது அவர் அறியாமல் இருபத்தைந்து வருஷம் சொன்ன வார்த்தை. அறிந்தபின் சொன்னதும் அதே வார்த்தைதான்.

அம்மாவிடம் சொல்வதா என்று நான்கு நாள் தவித்தாள். சொன்னால் அண்ணன் என்று அழைத்தவரையும் அம்மா இழப்பாள். சொல்லாவிட்டால் இவளும் காலரைத் தடவுகிற ஆளாகிவிடுவாள். ஐந்தாம் நாள் அம்மா துணி மடித்துக்கொண்டே "நான்தான் அனுப்புனேன்" என்றபோது, தனுஷா சீட்டை அவள்முன் வைத்தாள்.

செவ்வந்திக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியும். விரல் வைத்துப் படித்தாள். மகள் சொன்னதையெல்லாம் கேட்டாள். அரிசி அளவு என்றபோது மட்டும், "அவ்ளோதானா?" என்றாள். எல்லாம் முடிந்ததும் தேதியை இன்னொரு முறை தடவிப் பார்த்தாள்.

"அப்ப அந்தச் சளி?"

"சளி இல்லம்மா. கெணத்துல காத்து சரியில்ல. சளி இல்லாதவங்களும் அங்க செத்திருப்பாங்க. நீ அனுப்புனது தப்பில்ல."

செவ்வந்தி மடித்த புடவையைப் பிரித்து மறுபடி மடித்தாள்.

"எத்தினி டீ குடுத்தேன் அவருக்கு" என்றாள். "நான்தான் அனுப்புனேன், நான்தான் அனுப்புனேன்னு அவரு எதிர்லியே சொன்னேனே. கேட்டுக்கினு உக்காந்திருந்தாரே."

"சொல்லத்தாம்மா வந்தாராம்."

"வந்தாரு. சொல்லலியே." குரல் உயரவில்லை. "நீ சொல்ற. சரி, புரியுது. ஆனா இது நீ சொல்றதில்லடி. அவரு வாயால, தங்கச்சி ஒம்மேல தப்பில்லன்னு, எனக்கு அவரு குடுக்கவேண்டிய வார்த்த. அத நீ எப்பிடிக் குடுப்ப?"

அப்போது தெருவில் யாரோ இருமிக்கொண்டு போனார்கள். அம்மா எழுந்து உள்ளே போய்விட்டாள். அந்தப் பழக்கம் போகவில்லை என்பதைத் தனுஷா பார்த்தாள்.

பதினாறாம் நாள் கருமாதிக்குச் செவ்வந்தி வருவாளோ என்று தனுஷாவுக்குச் சந்தேகம். அவள் குளித்து, புதிதாகத் துவைத்த புடவை கட்டிக்கொண்டு, மகளுக்கு முன்னால் நடந்தாள். பந்தலில் பழனியின் படம் மாலையோடு இருந்தது. அஜித்குமாரின் செல்போனில் இருந்த படத்தைக் கள்ளக்குறிச்சி ஸ்டூடியோவில் பெரிதாக்கியிருந்தார்கள். கோட்டு மாட்டிவிட்டிருந்தார்கள். கழுத்தைத் தேய்த்து வழவழப்பாக்கியிருந்தார்கள். இரண்டு தழும்பும் இருந்த இடமே தெரியவில்லை.

எல்லாரும் பூ போட்டுவிட்டு நகர்ந்தார்கள். செவ்வந்தி பூ எடுக்கவில்லை. படத்துக்கு எதிரே நின்றாள்.

"தங்கச்சின்னு கூப்ட்டியேண்ணா" என்றாள், பக்கத்தில் நின்ற தனுஷாவுக்கு மட்டும் கேட்கும்படி. "மேல சொல்லு."

பந்தியில் இலை போட்டாயிற்று என்று ஒருமுறை கூப்பிட்டார்கள். இன்னொரு முறையும் கூப்பிட்டார்கள். விஜயலட்சுமி தூணோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள், பக்கத்தில் வரவில்லை. செவ்வந்தி இன்னும் படத்தின்முன் நின்றுகொண்டிருந்தாள். மார்பளவுக்கு வெட்டிய படம் அது. கைகள் இரண்டும் அதற்குள் இல்லை.